வைக்கோல் போருக்குள் முட்டை: அலிகேட்டர் கூட்டை அறிந்துகொண்ட கதை

கேள்வி சின்னதுதான். அமெரிக்காவின் தென்கிழக்குச் சதுப்புகளில் வாழும் அலிகேட்டர், கோடையில் முப்பது நாற்பது முட்டைகளை இட்டு, இலைதழைக் குவியலுக்குள் மூடிவிட்டு, பக்கத்துக் குட்டையில் போய்ப் படுத்துக்கொள்கிறது. கோழி மாதிரி முட்டை மேல் உட்காருவதில்லை. உட்கார்ந்தாலும் பயனில்லை. அது குளிர்ரத்தப் பிராணி; அதன் உடம்பே வெயிலில் காய்ந்துதான் சூடேற வேண்டும். அப்படியென்றால் அந்த முட்டைகளைப் பொரிக்கும் சூடு எங்கிருந்து வருகிறது? அந்தச் சூடு கொஞ்சம் கூடினால், கொஞ்சம் குறைந்தால், உள்ளே இருக்கும் குஞ்சுக்கு என்ன ஆகும்?

கேள்வியின் முதல் பாதிக்கு, 1774இல் சதுப்புக்குள் போன ஒருவர் ஏறக்குறையச் சரியாகப் பதில் சொல்லிவிட்டார். இரண்டாம் பாதிக்குப் பதில் வந்தது 1982இல். நடுவே இருநூறு ஆண்டுகளுக்கு மேல். அந்த இடைவெளியில் தடியோடும் லாந்தரோடும் முட்டைப் பெட்டியோடும் உள்ளே போனவர்கள் எதைக் கொண்டுவந்தார்கள், எதைக் கோட்டை விட்டார்கள் என்று பார்ப்பதுதான் இந்த ஆய்வு. பிடித்த முதலைகளைவிடத் தோண்டிய கூடுகள்தான் அதிகம் சொல்லின என்பது என் கட்சி. அதற்கு எதிராகவும் ஒரு சாட்சி உண்டு, வழியில் வரும்.

நம் வாசகர்களுக்கு ஒரு குறிப்பு. அலிகேட்டரும் நம்மூர் முதலையும் ஒரே பெரிய வகுப்பைச் சேர்ந்தவை, ஆனால் வேறு குடும்பம். அலிகேட்டரின் மூஞ்சி அகலம். வாயை மூடினால் கீழ்த்தாடையின் நான்காவது பல் வெளியே தெரியாது, முதலைக்குத் தெரியும். நம் ஆறு ஏரிகளில் உள்ள சதுப்புநில முதலை மணலில் குழி தோண்டி முட்டையிடும். அலிகேட்டர் குழி தோண்டாது, மேடு கட்டும். இந்த வித்தியாசம்தான் கதையின் அச்சாணி.

துப்பாக்கியை விட்டுவிட்டுத் தடியோடு போனவர்

வில்லியம் பார்ட்ரம் ஃபிலடெல்ஃபியாக்காரர், 1739இல் பிறந்தவர். அப்பா ஜான் பார்ட்ரம் பெயர்பெற்ற தாவர ஆய்வாளர். மகனுக்கோ தொட்டது எதுவும் துலங்கவில்லை. வியாபாரம் படுத்தது. 1766இல் ஃபுளோரிடாவின் செயின்ட் ஜான்ஸ் ஆற்றங்கரையில் தோட்டம் போட்டார், அதுவும் படுத்தது. கடைசியில் ஜான் ஃபாதர்கில் என்ற லண்டன் மருத்துவர் செலவை ஏற்றுக்கொண்டு, செடி, விதை, படங்கள் அனுப்பச் சொல்லி, 1773இல் அவரைத் தெற்கே பயணம் புறப்பட வைத்தார். செமினோல் இனத்தவரின் தலைவர் ஒருவர் இவருக்கு வைத்த பெயர் 'பக் பக்கி'. பூ தேடித் திரிகிறவன் என்று பொருள். ஆக, முதலை இவர் வேலையே இல்லை. பூப் பறிக்கப் போன வழியில் குறுக்கே வந்தது, அவ்வளவுதான்.

1774இல் அதே செயின்ட் ஜான்ஸ் ஆற்றில் சின்னப் படகில் மேல்நோக்கிப் போகிறார். கூட வந்த செவ்விந்திய இளைஞன் பாதியிலேயே கரையில் இறங்கிக்கொண்டான். தனி ஆள். ஆறு குறுகும் ஓர் இடத்தில் கரையில் கூடாரம் போட்டுவிட்டு, இரவுச் சாப்பாட்டுக்கு மீன் பிடிக்கக் கிளம்பினார். துப்பாக்கியை எடுத்துப்போனால் சண்டையில் தண்ணீருக்குள் விழுந்துவிடுமே என்று கரையிலேயே வைத்துவிட்டு, ஒரு தடியை மட்டும் எடுத்துக்கொண்டார். சண்டை வரும் என்று முன்கூட்டியே தெரிந்திருக்கிறது பாருங்கள்.

வந்தது. பல பக்கமிருந்தும் அலிகேட்டர்கள் படகைச் சூழ்ந்தன. இரண்டு பெரியவை காதருகே வந்து உறுமி, வாயிலிருந்து தண்ணீரை அவர் மேல் கொட்டின. தடியால் கண்டபடி விளாசித் தப்பினார். மீனோடு திரும்பும்போது கிழட்டு முதலை ஒன்று கரைவரை பின்தொடர்ந்தது. துப்பாக்கியை எடுத்து வந்து அதன் தலையில் சுட்டார். கரையோரம் உட்கார்ந்து மீனைச் செதில் எடுக்கும்போது இன்னொன்று தண்ணீருக்குள்ளிருந்து தலையை நீட்டி, வாலால் ஒரு வீசு வீசி மீன்களில் பலவற்றை வாரிக்கொண்டு போயிற்று. மறுபடியும் ஓர் அதிசயம்: ஆற்றின் இடுக்கான வழியில் மீன்கள் கூட்டம் கூட்டமாக வர, அவற்றை விழுங்க இந்தக் கரையிலிருந்து அந்தக் கரைவரை அலிகேட்டர்கள் அடைத்துக்கொண்டு கிடந்தன. அவை சும்மா இருந்தால் தலை மேல் கால் வைத்தே ஆற்றைக் கடந்துவிடலாம் என்று எழுதினார்.

பயணப் புத்தகம் 1791இல் வெளிவந்தது. படித்தவர்களில் பலர் ஆள் கதை விடுகிறார் என்றே நினைத்தார்கள். முதலையின் மூக்கிலிருந்து புகை வருகிறது என்று எழுதி, படமும் போட்டிருந்தார். லண்டன் இயற்கை வரலாற்று அருங்காட்சியகத்தில் இருக்கிறது, ஏறக்குறையச் சீன டிராகன் மாதிரி. இருபது அடி நீள முதலைகளைப் பார்த்ததாகச் சொன்னார், இருபத்துமூன்று அடிவரை உண்டு என்று பிறர் சொன்னதையும் சேர்த்துக்கொண்டார். மேல்தாடை மட்டும்தான் அசையும் என்றார். அது தப்பு. முதலைக்கும் நமக்குப் போலவே கீழ்த்தாடைதான் கீல் போட்டது. தாடையைத் தரையில் ஊன்றிக்கொண்டு வாய் பிளக்கும்போது தலை மேலே தூக்குவதால் கண்ணுக்கு அப்படித் தோன்றும்.

ஆனால் புகை விஷயத்தில் அவரை அவ்வளவு சுலபமாகத் தள்ளிவிட முடியாது. இனப்பெருக்கக் காலத்தில் ஆண் அலிகேட்டர் உறுமும்போது, மனிதக் காதுக்கு எட்டாத தாழ்ந்த ஒலியால் அதன் உடல் அதிர்ந்து, முதுகின் மேலிருக்கும் தண்ணீர் கொதிப்பதுபோல் துளித்துளியாக எகிறும். குளிர்ந்த விடியலில் மூச்சுக் காற்றும் ஆவியாகத் தெரியும். கண்டதைத்தான் எழுதினார். எழுதியபோது கொஞ்சம் மசாலா விழுந்துவிட்டது.

இப்போது கூட்டுக்கு வருவோம். அவர் கண்ட கூடுகள் சின்ன வைக்கோல் போர் போல இருந்தன: நாலடி உயரம், அடியில் நாலைந்தடி அகலம், சேறும் புல்லும் கலந்து கட்டியவை. இது பெருமளவு சரி. உள்ளே ஓர் அடுக்கு முட்டை, அதன் மேல் ஏழெட்டு அங்குலம் சேறு, மறுபடியும் ஓர் அடுக்கு முட்டை என்று உச்சிவரை அடுக்கியிருப்பதாகவும், ஒரு கூட்டில் நூறு இருநூறு முட்டைகள் இருப்பதாகவும் எழுதினார். இது சரியில்லை. முட்டைகள் நடுவிலுள்ள ஒரே பொந்தில் குவியலாகக் கிடக்கும், எண்ணிக்கையும் அதில் கால்பங்குதான் வரும். தாய் தன் குஞ்சுகளைக் கோழி குஞ்சுகளைக் கூட்டிப் போவதுபோல் கூட்டிக்கொண்டு திரிகிறது என்றார். இதையும் நெடுநாள் பலர் நம்பவில்லை, இது உண்மை. குஞ்சுகள் ஓராண்டு, சிலசமயம் அதற்கு மேலும் தாயின் காவலில் கூட்டமாகவே இருக்கின்றன.

சூட்டைப் பற்றி அவர் எழுதியது ஒரே ஒரு வாக்கியம். வெயில் சூட்டில்தான் பொரிகின்றன என்று நினைக்கிறேன், மண்ணோடு கலந்த இலைதழைகள் வெயில் பட்டுச் சிறிது புளித்து, அந்தச் சூட்டைக் கூட்டவும் கூடும் என்ற கருத்தில் போகிற போக்கில் சொல்லிவிட்டு அடுத்த விஷயத்துக்குப் போய்விட்டார். எருக்குழிக்குள் கையை விட்டுப் பார்த்த எந்த விவசாயிக்கும் இது புரியும். இலைதழை மக்கும்போது உள்ளே கணகணவென்று சூடு இருக்கும். அந்தப் பரபரப்பான புத்தகத்தில் 'நினைக்கிறேன்', 'கூடும்' என்று அடக்கி வாசித்த இந்த ஓர் இடம்தான் காலத்துக்கு நின்றது என்பது எனக்கு வேடிக்கையாக இருக்கிறது.

முட்டையைத் தேடிப் போன பேராசிரியர்கள்

அடுத்த நூறாண்டில் அலிகேட்டரைப் பார்த்தவர்கள் நிறைய, படித்தவர்கள் குறைவு. பறவை ஓவியர் ஆடுபான்கூட லூசியானா அலிகேட்டர்களைப் பற்றி 1827இல் எடின்பரோ இதழ் ஒன்றில் எழுதினார். ஆனால் அந்த நூற்றாண்டின் பிற்பாதியில் சதுப்புக்குள் அதிகம் போனவர்கள் தோல் வேட்டைக்காரர்கள். செருப்பு, பை, பெட்டி என்று அலிகேட்டர் தோலுக்குக் கிராக்கி ஏற, 1880க்கும் 1894க்கும் இடையில் ஃபுளோரிடாவில் மட்டும் 25 லட்சம் அலிகேட்டர்கள் கொல்லப்பட்டதாக மதிப்பிட்டிருக்கிறார்கள்.

பிடிக்கும் வித்தையெல்லாம் அவர்களுடையதுதான். இரவில் படகின் முன்னால் ஒருவர் லாந்தரை நெற்றிக்கு நேராகப் பிடித்துக்கொள்வார். முதலையின் கண்ணுக்குப் பின்னால் கண்ணாடிபோல ஒரு படலம் உண்டு. வெளிச்சம் பட்டால் இருட்டில் செந்தணலாக ஒளிரும். அந்தத் தணலை நோக்கிச் சத்தமில்லாமல் துடுப்புப் போட்டு நெருங்குவார்கள். பகலில் வேறு முறை. அலிகேட்டர் கரையில் தண்ணீர் மட்டத்துக்குக் கீழே வளை தோண்டி வைத்திருக்கும். நீளக் கம்பின் நுனியில் இரும்புக் கொக்கியை மாட்டி வளைக்குள் விட்டுத் துழாவினால், எரிச்சலில் அது கொக்கியைக் கவ்வும், அல்லது தாடையில் கொக்கி மாட்டும். முதலையும் மூர்க்கனும் கொண்டது விடாது என்பது இங்கே வேட்டைக்காரனுக்குச் சாதகம். வெளியே இழுத்தபின் வாயைக் கட்டுவதுதான் முக்கியம். கடிக்கும் தசை எலும்பை நொறுக்கும், திறக்கும் தசையோ சோதா. மூடிய வாயை ஒரு சாதாரணக் கயிற்றால் கட்டிவிடலாம். குஞ்சின் முனகலைத் தொண்டையிலிருந்து எழுப்பித் தாயை வரவழைக்கும் ஆட்களும் இருந்தார்கள்.

அறிவியலாளர்கள் இவர்களைத்தான் வழிகாட்டியாக வைத்துக்கொண்டார்கள். வித்தை கட்டுரைகளில் ஏறியது, வித்தைக்காரர்களின் பெயர்கள் பெரும்பாலும் ஏறவில்லை.

பேராசிரியர்களுக்குத் தோல் வேண்டாம், கரு வேண்டும். கோழிக்கருவைப் பற்றி அப்போதே அலமாரி அலமாரியாக எழுதிவிட்டார்கள். பறவைக்கு உறவான முதலையின் கரு எப்படி வளர்கிறது என்பது பெரும்பாலும் தெரியாது. மாசசூசெட்ஸில் உள்ள வில்லியம்ஸ் கல்லூரியின் எஸ். எஃப். கிளார்க், ஃபுளோரிடா முட்டைகளை வைத்து 1891இல் ஒரு நீண்ட கட்டுரை வெளியிட்டார். அதற்கப்புறம் மேற்கு வர்ஜீனியா பல்கலைக்கழகத்தின் ஆல்பர்ட் மூர் ரீஸ், ஸ்மித்சோனியன் நிறுவனத்தின் உதவியோடு ஃபுளோரிடாவுக்கும் ஜார்ஜியாவின் தெற்கு ஓரத்துக்கும் போனார். அந்தப் பக்கத்தில்தான் ஒக்கிஃபினோக்கி சதுப்பு இருக்கிறது. மேற்பரப்பில் மிதக்கும் மட்கு மண்ணில் காலை வைத்தால் பக்கத்துப் புதரும் சேர்ந்து ஆடும் இடம் அது. ரீஸின் இனப்பெருக்கக் குறிப்புகள் 1907இலும், கரு வளர்ச்சி ஆய்வு 1908இலும், எல்லாவற்றையும் திரட்டிய புத்தகம் 1915இலும் வந்தன.

இந்த வேலையில் இரண்டு தொல்லைகள். முதலாவது, கூட்டில் முட்டையைக் கண்டெடுக்கும்போது கரு ஏற்கெனவே வளரத் தொடங்கியிருக்கும். தாயின் வயிற்றுக்குள்ளேயே தொடக்கக் கட்டங்கள் முடிந்துவிடுகின்றன. அவற்றைப் பார்க்க ஒரே வழி, முட்டையிடப் போகும் தாயைக் கொன்று கருக்குழாயிலிருந்து முட்டையை எடுப்பது. ரீஸ் அப்படித்தான் எடுத்தார். இன்று படிக்கும்போது உறுத்துகிறது; அன்று தோலுக்குக் கிடைக்கும் சில காசுகளுக்காக ஆயிரக்கணக்கில் கொன்றுகொண்டிருந்த சதுப்பில் அது யாருக்கும் உறுத்தியிருக்காது.

இரண்டாவது தொல்லை நுட்பமானது. முட்டை இட்டு ஒரு நாளைக்குள் கரு ஓட்டின் மேல்பக்கத்தில் போய் ஒட்டிக்கொள்ளும். ஒட்டிய இடத்திலிருந்துதான் ஓட்டில் வெள்ளைப் பட்டை ஒன்று கிளம்பி, நாளடைவில் முட்டையைச் சுற்றிப் பரவும். கோழி அடைகாக்கும்போது முட்டையைப் புரட்டிப் புரட்டி விடும், புரட்டாவிட்டால்தான் கெடும். முதலை முட்டையை ஒட்டியபின் புரட்டினால் கரு செத்துவிடும். வண்டியிலும் ரயிலிலும் வடக்கே போகும் பெட்டிக்குள் முட்டை எந்தப் பக்கம் உருளும் என்று யார் கண்டது? இன்று முட்டை சேகரிப்பவர்கள் கூட்டைத் திறந்ததும் ஒவ்வொரு முட்டையின் உச்சியிலும் பென்சிலால் கோடு போட்டு, அதே நிலையில் தூக்கி வைக்கிறார்கள். அந்தச் சின்னக் கோடு, கெட்டுப்போன எத்தனையோ முட்டைகளின் பாடம்.

ரீஸ் வளர்ந்த கட்டங்களுக்காக முட்டைகளை வடக்கே கொண்டுபோய்ச் செயற்கையாக அடைகாத்து, நாள்வாரியாக ஒவ்வொன்றாகத் திறந்தார். ஏதோ ஒரு சூட்டில் அவற்றை வைத்திருந்தார். அந்தச் சூடு எதைத் தீர்மானித்துக்கொண்டிருந்தது என்பது அவருக்கு மட்டுமல்ல, அன்று உலகத்தில் யாருக்கும் தெரியாது. இதை மனதில் வைத்துக்கொள்ளுங்கள்.

முட்டைக்குள்ளிருந்தே குஞ்சு குரல் கொடுப்பதையும் இந்தக் காலத்தில்தான் ஆய்வாளர்கள் முறையாகப் பதிவு செய்தார்கள். மடகாஸ்கரில் நைல் முதலையின் முட்டைகளோடு 1890களில் மல்லுக்கட்டிய ஜெர்மானியர் ஃபோல்ட்ஸ்கோ இதை விரிவாக எழுதினார். பொரிக்கும் நேரம் வந்ததும் உள்ளிருந்து முனகல் கேட்கும், கேட்டதும் தாய் கூட்டைத் தோண்டும். அலிகேட்டரிலும் அப்படியே. மேடு கட்டும் பிராணிக்கு இது உயிர் போகிற விஷயம். வெயிலில் காய்ந்து இறுகிய மேட்டை சாண் நீளக் குஞ்சு தானாகத் துளைத்துக்கொண்டு வருவது கஷ்டம்.

என் கட்சிக்கு எதிரான சாட்சி என்று சொன்னேனே, அது இங்கே. செத்த முதலையும் ஒரு பெரிய பொய்யை உடைத்தது. அலிகேட்டர் மீனையும் பறவையையும் கன்றுக்குட்டியையும் தின்று தீர்க்கிறது என்று விவசாயிகளும் மீனவர்களும் புகார் சொல்லிவந்தார்கள். ரெமிங்டன் கெல்லாக் நூற்றைம்பதுக்கும் மேற்பட்ட இரைப்பைகளைத் திறந்து பார்த்து 1929இல் அமெரிக்க வேளாண் துறைக்காக எழுதினார். உள்ளே கணிசமாகக் கிடந்தவை நன்னீர் இறாலும் நண்டும் பூச்சிகளும். கூட்டில் தவம் கிடந்தாலும் இது தெரிந்திருக்காது. சரி, ஒத்துக்கொள்கிறேன்.

வீட்டு வாசலிலேயே சதுப்பு

எட்வர்ட் ஏவரி மெக்கிலென்னிக்குச் சதுப்பைத் தேடிப் போக வேண்டியிருக்கவில்லை. 1872இல் லூசியானாவின் ஏவரி தீவில் பிறந்தார். பெயர்தான் தீவு, சுற்றிலும் சதுப்பு சூழ, அடியிலிருந்து உப்புப் பாறை தள்ளி எழுப்பிய மேடு அது. டபாஸ்கோ மிளகாய்ச் சாறு தயாரிக்கும் குடும்பம். பின்னாளில் அந்தத் தொழிலை நடத்தியவரும் இவரே. இளம் வயதில் வடதுருவப் பக்கம்வரை போய்வந்தார். தொப்பி அலங்காரத்துக்காக வெண்கொக்குகள் அழிந்துகொண்டிருந்த நாளில், எட்டுக் குஞ்சுகளைப் பிடித்து வளர்த்து, ஏவரி தீவில் ஒரு கொக்குக் குடியிருப்பையே உண்டாக்கினார்.

சின்ன வயதில் அலிகேட்டர்கள் இருக்கும் தண்ணீரில் நீந்தி வளர்ந்தவர், பெரியவனானதும் அவற்றை வேட்டையாடியவர். அப்புறம் உட்கார்ந்து கவனிக்க ஆரம்பித்தார். ரீஸுக்கும் கிளார்க்குக்கும் கோடை விடுமுறையின் சில வாரங்கள்தான் சதுப்பு. இவருக்கோ ஒரே கூட்டை, கட்டும் நாளிலிருந்து குஞ்சு வெளிவரும் நாள்வரை போய்ப் போய்ப் பார்க்க முடிந்தது. பெண் அலிகேட்டர் இடத்தைத் தேர்ந்து, புல்லையும் நாணலையும் வாயால் பிய்த்துக் குவித்து, உடம்பாலேயே அமுக்கிக் கூடு கட்டுவதை விவரமாக எழுதினார். ஜூன் கடைசியை ஒட்டி முட்டை, ஏறக்குறைய ஒன்பது வாரம் கழித்துக் குஞ்சு. அந்த ஒன்பது வாரமும் தாய் பக்கத்திலேயே.

அவர் செய்ததிலேயே பெரிய காரியம் என்று நான் நினைப்பது வேறு. குஞ்சுகளுக்கு அடையாளம் போட்டு விட்டு, பிறகு மறுபடியும் பிடித்து அளந்தார். பழைய நம்பிக்கை என்னவென்றால், முதலை ஆமை வேகத்தில் வளரும், பெரிய முதலைக்கு இருநூறு முந்நூறு வயது இருக்கும் என்பது. காட்சிக்கூடங்களில் அரைவயிற்றோடு கிடந்த முதலைகளைப் பார்த்து வந்த நினைப்பு அது. கூட்டம் சேர்க்க வேண்டியவர்களுக்கும் அது வசதி. மெக்கிலென்னியின் அடையாளமிட்ட குஞ்சுகளோ முதல் சில ஆண்டுகளில் ஆண்டுக்கு ஓர் அடி கணக்கில் வளர்ந்தன. அடைகாப்பு பற்றியும் வளர்ச்சி பற்றியும் 1934இல் 'கோபியா' ஆய்விதழில் எழுதினார், அடுத்த ஆண்டு அலிகேட்டரின் வாழ்க்கை வரலாற்றைப் புத்தகமாகப் போட்டார். பட்டம் வாங்கிய விலங்கியலாளர் இல்லை. ஆனாலும் பின்னால் வந்த நிபுணர்கள் தங்கள் அளவுகளை அவர் அளவுகளோடு ஒப்பிட்டுப் பார்த்தார்கள்.

ஏழு குழலும் இருபது அங்குலமும்

இவ்வளவு கவனமான மனிதர் ஓரிடத்தில் சறுக்கினார். குறைந்தபட்சம் நம்மைத் திண்டாட விட்டுவிட்டார்.

1890 ஜனவரி 2ஆம் தேதி. அவருக்குப் பதினேழு வயது. லூசியானா கடலோரத்தில், வெர்மிலியன் விரிகுடாப் பக்கம், குளிரில் விறைத்துக் கிடந்த பிரமாண்டமான அலிகேட்டர் ஒன்றைச் சுட்டார். நகர்த்த முடியாத கனம். அளவு நாடா கையில் இல்லை. துப்பாக்கிக் குழலின் நீளம் 30 அங்குலம் என்று தெரியும். குழலையே மாற்றி மாற்றி வைத்து அளந்தார். வந்த விடை 19 அடி 2 அங்குலம், அதாவது 5.84 மீட்டர். உலகத்திலேயே பெரிய அலிகேட்டர் என்று இந்த எண் பல பத்தாண்டுகள் புத்தகத்துக்குப் புத்தகம் தாவியது.

முறையாக அளக்கப்பட்டவற்றில் மிகப் பெரியதாகச் சொல்லப்படுவது 2014இல் அலபாமாவில் பிடிபட்டது: 15 அடி 9 அங்குலம், 1,011.5 பவுண்டு. இடையில் மூன்றரை அடி வித்தியாசம். லட்சக்கணக்கான முதலைகளை அளந்தும் அந்த இடைவெளியில் ஒன்றுகூட மாட்டவில்லை.

அவர் பொய் சொன்னார் என்று எனக்குத் தோன்றவில்லை. கணக்கைப் போட்டுப் பார்க்கலாம். 19 அடி 2 அங்குலம் என்றால் 230 அங்குலம். 30ஆல் வகுத்தால் ஏழு முழுக் குழலும் இருபது அங்குலமும். குளிரில், சேற்றில், முதுகின் மேடுபள்ளத்தின் மேல் குழலை ஏழெட்டு முறை நகர்த்தும்போது எண்ணிக்கையில் ஒன்று கூடிப்போனால் என்ன ஆகும்? இரண்டரை அடி கழியும், 16 அடி 8 அங்குலத்தில் வந்து நிற்கும். ஒவ்வொரு முறையும் விரல் வைத்த இடம் அரை அங்குலம் பின்னால் சரிந்திருந்தால் இன்னும் மூன்று நாலு அங்குலம் குறையும். அப்போதும் அது இன்றைய சாதனையை முந்தும், ஆனால் நம்பக்கூடிய எல்லைக்கு அருகில் வந்துவிடும். இது என் ஊகம்தான். சரிபார்க்க ஒரே வழி மண்டையோடு. கண்ணுக்கும் மூக்குநுனிக்கும் நடுவே எத்தனை அங்குலமோ, முதலை ஏறக்குறைய அத்தனை அடி என்று வேட்டைக்காரர்களிடம் ஒரு வாய்ப்பாடு உண்டு. ஆய்வாளர்களும் தலை நீளத்திலிருந்து உடல் நீளத்தைக் கணிக்கிறார்கள். மண்டையோட்டை வெட்டி எடுத்து வந்திருந்தால் விஷயம் ஒரே நாளில் முடிந்திருக்கும். அவர் எடுத்து வரவில்லை. பதினேழு வயதுப் பையனிடம் அதை எதிர்பார்ப்பதும் நியாயமில்லை. ஆனால் அறுபது வயதை எட்டிப் புத்தகம் எழுதியவர், நாடாவும் மண்டையோடும் இல்லாத ஓர் அளவை அதே உறுதியோடு அச்சில் ஏற்றினார் என்பதுதான் இடிக்கிறது. அடையாளமிட்ட குஞ்சுகளை மற்றவர்கள் திரும்பச் செய்து பார்க்க முடிந்தது. இதை முடியவில்லை.

சூட்டுக்குத் திரும்புகிறோம்

மெக்கிலென்னி விட்டுப்போன இன்னொன்று நிலம். கடலோரச் சதுப்பு நிலங்களைப் பறவைகளுக்காகக் காப்பாற்ற வேண்டும் என்று பணக்காரர்களைப் பிடித்து வாங்க வைத்தார். அப்படி ராக்கஃபெல்லர் அறக்கட்டளை வாங்கி, 1920இல் லூசியானா மாநிலத்துக்குக் கொடுத்த பரப்புதான் ராக்கஃபெல்லர் வனவிலங்குச் சரணாலயம். தோல் வேட்டையால் அலிகேட்டர் அருகிப்போய், லூசியானா 1962இல் வேட்டையை நிறுத்தியது. 1967இல் அது அழிவின் விளிம்பிலுள்ள உயிரினங்களின் பட்டியலில் சேர்ந்தது. அந்த ஆண்டுகளில் இந்தச் சரணாலயத்தில்தான் கூடுகளை ஆண்டாண்டாக எண்ணினார்கள், அளந்தார்கள். டெட் ஜோவானென் அங்கே இருந்த ஆய்வாளர். ராபர்ட் சாப்ரெக் கூடுகளுக்குள் சூடு எப்படி மாறுகிறது என்று 1973இல் எழுதினார். பார்ட்ரம் எருக்குழிச் சூடு என்று போகிற போக்கில் சொன்னதற்கு, கடைசியில் வெப்பமானியின் எண்கள் கிடைத்தன.

1982இல் கருவியலாளர் மார்க் ஃபெர்கசனும் ஜோவானெனும் 'நேச்சர்' இதழில் ஒரு கட்டுரை எழுதினார்கள். முட்டைகளை 30 பாகை செல்சியஸிலோ அதற்குக் கீழோ அடைகாத்தால் எல்லாம் பெண். 34 பாகையிலோ அதற்கு மேலோ வைத்தால் எல்லாம் ஆண். நடுவில் கலந்து வரும். அலிகேட்டருக்கு ஆண், பெண் என்று பிரிக்கும் நிறமூர்த்தம் (குரோமோசோம்) கிடையாது. கூட்டின் சூடுதான் அந்த வேலையைச் செய்கிறது. வெளியிலும் அப்படியே இருந்தது. மேட்டுக் கரைகளில் கட்டிய காய்ந்த கூடுகள் சூடானவை, அங்கே ஆண்கள். ஈரச் சதுப்புக் கூடுகள் குளிர்ந்தவை, அங்கே பெண்கள். மொத்தத்தில் ஓர் ஆணுக்கு ஐந்து பெண் என்ற விகிதத்தில் குஞ்சுகள் பொரிந்தன.

பிற்காலச் சோதனைகள் இதைக் கொஞ்சம் திருத்தின. சூடு இன்னும் ஏறினால் மறுபடியும் பெண்கள் வரத் தொடங்குகின்றன. தீர்மானமாகும் நாட்களும் முதலில் நினைத்ததைவிடப் பிந்தியவை, அடைகாப்பின் நடுப்பகுதியில். சென்னைக்குத் தெற்கே வடநெம்மேலியில் 1976இல் தொடங்கிய முதலைப் பண்ணையிலும் எண்பதுகளில் இதே சோதனையை நம் சதுப்புநில முதலையில் செய்தார்கள். அதிலும் சூடுதான் பாலைத் தீர்மானிக்கிறது, ஆண்கள் ஒரு குறுகிய இடைப்பட்ட சூட்டில்தான் பிறக்கின்றன. மேடு கட்டினாலும் குழி தோண்டினாலும் சட்டம் ஒன்றுதான்.

ரீஸின் பெட்டிக்கு ஒரு முறை திரும்பிப் போகலாம். 1900களின் முதல் பத்தாண்டில், மேற்கு வர்ஜீனியாவில், ஒவ்வொரு நாளும் ஒரு முட்டையாகத் திறந்து, கருவை மெல்லிய சீவலாக அறுத்து, கண்ணாடித் தகட்டில் ஒட்டி, படம் வரைந்துகொண்டிருந்தார். மூளை, கண், இதயம் எல்லாம் வளரும் வரிசையைக் கவனித்தார். ஒரு தாயின் முட்டைகளைப் பாதியாகப் பிரித்து, 30, 34 பாகை என்று நாலு பாகை வித்தியாசத்தில் இரண்டு பெட்டிகளில் வைத்து, பொரியும்வரை விட்டிருந்தால், ஒன்றில் அத்தனையும் பெண்ணாக, மற்றதில் ஏறக்குறைய அத்தனையும் ஆணாக வெளிவந்திருக்கும். அப்படிப் பிரித்து வைக்க யாருக்கும் ஒரு காரணமும் இருக்கவில்லை.